தணிகையும் தணிக்கையும்

‘அந்த நாள்’ படத்தைப் பற்றித் தமிழில் எழுதப்பட்டவற்றையெல்லாம் வடிகட்டினால் அடியில் தங்குவது ஒரே ஒரு வாக்கியம்: அதில் பாட்டுக் கிடையாது. படம் வெளிவந்தது 1954 ஏப்ரல் 13. எழுபது வருஷங்களுக்கு மேல் ஓடிவிட்டன. ஒரு படைப்பில் என்ன இல்லை என்று சொல்லியே ஒரு விமர்சன மரபு இத்தனை காலம் பிழைப்பு நடத்த முடிந்திருக்கிறது. கொஞ்சம் தாராள மனசுள்ளவர்கள் இரண்டாவது வாக்கியம் ஒன்று சேர்ப்பார்கள்: வளர்ந்துகொண்டிருந்த நட்சத்திரமான சிவாஜி கணேசன் தேசத் துரோகியாக நடிக்கத் துணிந்தார். வெளிநாட்டுப் படங்களின் வாடை பட்டவர்கள் மூன்றாவது ஒன்றும் சொல்வார்கள்: குரோசாவாவின் ‘ராஷோமோன்’ பாதிப்பு. அவ்வளவுதான், கணக்குத் தீர்ந்தது. எழுந்து துண்டை உதறித் தோளில் போட்டுக்கொண்டு போய்விடலாம்.

அந்தப் படத்தில் ஒரு பெண் இருக்கிறாள். பெயர் உஷா. நடித்தவர் பண்டரிபாய். கதையின் முடிச்சு அவளிடம் இருக்கிறது. சாவு அவள் கையில் இருக்கிறது. கடைசி உண்மை அவள் வாயிலிருந்து வருகிறது. பாட்டு இல்லாததைப் பற்றிப் பக்கம் பக்கமாக எழுதியவர்களில், இருக்கிற இந்தப் பெண்ணைப் பற்றி ஒரு பத்தி எழுதத் தோன்றியவர்கள் எத்தனை பேர்?

என் கட்சியை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். ‘அந்த நாள்’ பண்டரிபாயின் படம். தமிழ் சினிமா ஒரு பெண்ணுக்குள் இருக்கும் இருட்டை ஒருமுறை நேருக்கு நேர் பார்த்துவிட்டு, பயந்து கண்ணை மூடிக்கொண்ட படம். மூடிய கண்ணுக்கு மேல் துணியைக் கட்டிவிட்ட காரியம் விமர்சனத்துடையது.

*

இதை எழுதத் தூண்டியவை இரண்டு மாலைகள். திருத்தணியில், மலையடிவாரத்து மாடியறை ஒன்றில், வெள்ளைச் சுவரே திரையாக, நண்பர்கள் இருபது பேர் முதல் நாள் ‘அந்த நாள்’ பார்த்தோம். மறுநாள் பார்த்தது லீனோ பிரோக்கா 1976-இல் எடுத்த பிலிப்பைன்ஸ் படம் ‘இன்சியாங்’. இரண்டும் குற்றத்தின் கதைகள். இரண்டிலும் ஒரு ஆண் கொலையாகிறான். அந்தச் சாவின் சூத்திரம் ஒரு பெண்ணிடம் இருக்கிறது.

முதல் நாள் விவாதம் நான் மேலே சொன்ன மூன்று வாக்கியங்களில் முடிந்தது. காபி வந்தது, குடித்தோம், கலைந்தோம். மறுநாள் அப்படி முடியவில்லை. ஓய்வு பெற்ற ஆசிரியர் ஒருவர், நிறையப் படித்தவர், நவீன கவிதைக்காக ஊரில் பலரோடு சண்டை போட்டவர், எழுந்து கேட்டார்: “பெத்த தாயைக் கொலைகாரியாக்கிவிட்டு வந்து நிக்கிறாளே, இவளை எப்படிங்க கதாநாயகின்னு ஒத்துக்கிறது?” பலரும் தலையாட்டினார்கள். முதல் நாள் மாலை தன் கணவன் தன் கைத்துப்பாக்கியில் சாகும்படி நேர்ந்த ஒருத்தியைப் பார்த்தோமே, அவளைப் பற்றி இந்தக் கேள்வி ஏன் எழவில்லை? எழாததற்குக் காரணம், உஷாவை யாரும் பார்த்திருக்கவே இல்லை. அவர்கள் பார்த்தது பாட்டு இல்லாத இடங்களை. அடுத்த பாட்டு எங்கே வந்திருக்கும் என்று எண்ணிக்கொண்டிருந்தவர்களுக்கு முகம் எப்படித் தெரியும்?

*

படத்தை நினைவுபடுத்திக்கொள்வோம். தயாரிப்பு ஏ.வி.எம். இயக்கம் வீணை வித்வான் எஸ். பாலச்சந்தர். எழுத்து ஜாவர் சீதாராமன். துப்பறியும் அதிகாரி சிவானந்தமும் அவரே. ஒளிப்பதிவு மாருதி ராவ். காலம் 1943, ஜப்பானிய விமானம் சென்னைமீது குண்டு போட்ட நாட்கள். ரேடியோ என்ஜினீயர் ராஜன் தன் வீட்டில் சுடப்பட்டுக் கிடக்கிறான். மனைவி, தம்பி, தம்பியின் மனைவி, ராஜனின் ஆசைநாயகி, பக்கத்து வீட்டுக்காரர் என ஐந்து பேர்மேல் சந்தேகம். ஒவ்வொருவர் சாட்சியமும் இன்னொருவர் பக்கம் விரலைத் திருப்புகிறது. ஒவ்வொரு கதையிலும் ராஜன் வேறு ஆளாக இருக்கிறான். கடைசியில்தான் தெரிகிறது, அவன் ஜப்பானியருக்கு ரகசியம் விற்றவன் என்பதும், குண்டு புறப்பட்டது உஷாவின் கையிலிருந்த துப்பாக்கியிலிருந்து என்பதும்.

‘ராஷோமோன்’ என்று சொல்லி முடித்துக்கொள்கிறவர்கள் இந்த இடத்தில்தான் கோட்டை விடுகிறார்கள். ‘ராஷோமோன்’ கடைசிவரை உண்மையைக் கையில் தராது. அதன் பெருமையே அதுதான். ‘அந்த நாள்’ தருகிறது. அதன் எலும்புக்கூடு இன்னும் நெருக்கமாகப் பொருந்துவது 1950-இல் ஆன்டனி அஸ்குவித் எடுத்த ஆங்கிலப் படமான ‘தி உமன் இன் க்வெஸ்ச்சன்’ படத்தோடு. அதில் கொலையாகிக் கிடப்பவள் ஒரு பெண். ஜீன் கென்ட் நடித்தது. அவளை ஐந்து பேர் ஐந்து விதமாக நினைவுகூர்கிறார்கள்: ஒருத்திக்கு அவள் சீமாட்டி, இன்னொருத்திக்குச் சிறுக்கி. செத்த பெண்ணைச் சுற்றி உட்கார்ந்து ஊர் பேசுகிறது. அவள் பதில் சொல்ல முடியாது.

பாலச்சந்தரும் சீதாராமனும் செய்த காரியத்தின் பரிமாணம் இதை வைத்துப் பார்த்தால்தான் புரியும். பிணத்தை மாற்றினார்கள். கூறுபோட்டுப் பார்க்கப்படுவது இப்போது ஆணின் வாழ்க்கை. பேசுகிறவளாக, மறைக்கிறவளாக, இறுதியில் ஒப்புக்கொள்கிறவளாகப் பெண் உயிரோடு இருக்கிறாள். கடன் வாங்கிய அமைப்பை இப்படித் தலைகீழாகக் கவிழ்த்த துணிச்சலை ‘பாதிப்பு’ என்று ஒரு சொல்லில் புதைத்துவிட்டு, அதையே மேதாவிலாசமாகக் காட்டிக்கொள்வதற்கு என்ன பெயர் வைப்பது?

பண்டரிபாய் என்ன செய்கிறார் என்று பாருங்கள். எல்லோரும் நடிக்கிறார்கள்; அவர் கேட்டுக்கொண்டிருக்கிறார். அந்தக் காலத்துத் தமிழ்ப் படத்தில் ‘கேட்பது’ என்ற காரியமே கிடையாது. ஒருவர் வசனம் பேசும்போது இன்னொருவர் தன் முறைக்குக் காத்து நிற்பார். உஷாவின் கேட்டலில் காத்திருத்தல் இல்லை, கணக்கு இருக்கிறது. மாருதி ராவின் விளக்குகள் முகத்தில் பாதியை இருட்டுக்குக் கொடுத்துவிடுகின்றன. மீதிப் பாதியைப் பண்டரிபாய் தானாக அடக்கிக்கொள்கிறார். விதவையின் துக்கமாக நாம் எடுத்துக்கொண்ட அந்த அடக்கம், முடிவு தெரிந்த பிறகு வேறொன்றாக அர்த்தம் மாறுகிறது. அதே முகம், அதே மௌனம், இரண்டு அர்த்தங்கள். இரண்டாம் முறை பார்க்கும்போதுதான் தெரிகிறது, ஒரு அர்த்தம் கூடப் பொய்யில்லை என்று. துக்கமும் நிஜம், குற்றமும் நிஜம். இதற்கு மேல் ஒரு நடிகை என்ன செய்துவிட முடியும்?

அவர் கன்னடக் கடற்கரையின் பட்கலில் பிறந்தவர். அதே 1954-இல் ‘பேடர கண்ணப்பா’வில் ராஜ்குமாருக்கு ஜோடி, ராஜ்குமார் கதாநாயகனாக அறிமுகமான படம் அது. இரண்டு வருஷத்துக்கு முன் ‘பராசக்தி’யில் சிவாஜிக்கு ஜோடி. ஆக, இரண்டு மொழிகளின் இரண்டு பெரும் நட்சத்திரங்கள் கதாநாயகர்களாக அடியெடுத்து வைத்தபோது பக்கத்தில் நின்றவர் இவர். ‘அந்த நாள்’ வந்தபோது திருத்தணி ஆந்திர மாநிலத்தில் இருந்தது. 1960 ஏப்ரல் 1-இல்தான் இந்தப் பக்கம் வந்தது. எல்லைக் கோடு எங்கே போனாலும் இரண்டு மொழியும் பேசிக்கொண்டிருந்த ஊர் இது. ஆகவே ‘அவர் நம்மவரா’ என்ற கேள்வியை இங்கே யாரும் கேட்கமாட்டார்கள். கேட்க வேண்டிய கேள்வி வேறு: நாம் அவரை என்ன செய்தோம்?

*

அதற்கு முன் படத்தின் பலவீனத்தையும் சொல்லிவிட வேண்டும். உஷாவுக்குக் கொல்ல ஒரு அனுமதிச்சீட்டு தரப்பட்டிருக்கிறது. அதன் பெயர் தேசம். கணவன் வெறும் கொடுமைக்காரனாகவோ பொய்யனாகவோ மட்டும் இருந்திருந்தால் 1954-இன் தமிழ்ப் படம் அவள் கையில் துப்பாக்கியைக் கொடுத்திருக்காது. அவனுக்கு ஆசைநாயகி இருக்கிறாள். அது போதாது. அவன் மனைவியை ஏமாற்றியது போதாது. நாட்டை ஏமாற்ற வேண்டும். பாரத மாதா பின்னால் நின்றால்தான் உஷாவின் கை உயரலாம். ஒரு பெண்ணின் கோபத்துக்கு அவளுடைய காயம் மட்டும் போதிய காரணமாகாது என்ற தீர்ப்பு படத்துக்குள்ளேயே எழுதப்பட்டிருக்கிறது. ஆனாலும் படம் பண்டரிபாயின் முகத்தைக் கட்டுப்படுத்த முடியவில்லை. தேசத்தைப் பற்றி வாய் பேசிக்கொண்டிருக்கும்போது கண் வீட்டைப் பற்றிப் பேசுகிறது.

‘இன்சியாங்’கில் இந்த அனுமதிச்சீட்டு இல்லை. மணிலாவின் தோண்டோ சேரி. படத்தின் முதல் காட்சி பன்றிகளை அறுக்கும் கொட்டடி. இரத்தம், ஓலம், ஆவி பறக்கும் தண்ணீர். அங்கே வேலை செய்கிறவன் டாடோ. இன்சியாங்கின் தாய் தோன்யா தன்னைவிட இளைய அவனை வீட்டுக்குள் கொண்டுவந்து வைத்துக்கொள்கிறாள். அவன் மகளைக் கெடுக்கிறான். தாய் மகளை நம்பவில்லை, அவனை நம்புகிறாள். கூட்டிக்கொண்டு ஓடுவதாகச் சொன்ன காதலன் ஒரு இரவு விடுதியில் அவளோடு கழித்துவிட்டு விடியுமுன் கம்பி நீட்டுகிறான். போக்கிடம் இல்லாத அந்தப் பெண் அதே வீட்டுக்குத் திரும்பி வருகிறாள். திரும்பி வருகிறவள் வேறு ஒருத்தி. டாடோவின் ஆசையை வைத்தே காதலனை அடித்து நொறுக்க வைக்கிறாள். பிறகு தாயின் பொறாமையை வைத்து டாடோவை முடிக்கிறாள். கத்தி தாயின் கையில். கத்தியை அங்கே கொண்டுபோய்ச் சேர்த்தது மகளின் வாய்ச் சொல்.

ஹில்டா கொரொனெலுக்கு அப்போது வயது இருபதுகூட ஆகவில்லை. முந்தின வருஷம் இதே பிரோக்காவின் ‘மணிலா’ படத்தில் அவர் லிகாயா: கிராமத்திலிருந்து வேலை என்று ஏமாற்றி நகரத்துக்குக் கொண்டுவரப்பட்டுத் தொலைந்துபோனவள், காதலன் தேடித் திரிகிறவள். அடுத்த வருஷம் தேடப்படும் பொருளாக இருந்தவள் செயல்படும் ஆளாகிறாள். 1976-இன் மணிலா திரைப்பட விழாவில் அவருக்குச் சிறந்த நடிகை விருது. 1978-இல் கான் விழாவின் இயக்குநர் இருவாரப் பிரிவில் படம் காட்டப்பட்டது. அந்த விழாவுக்குப் போன முதல் பிலிப்பைன்ஸ் படம். 2015-இல் பிரதி புதுப்பிக்கப்பட்டு மீண்டும் அங்கே திரையேறியது. இதெல்லாம் மார்க்கோஸ் 1972-இல் போட்ட ராணுவச் சட்டம் தலைக்கு மேல் தொங்கிக்கொண்டிருந்த காலத்துக் கதை. ‘எங்களால் எப்படி முடியும், சூழ்நிலை இப்படி இருக்கிறதே’ என்று முனகும் நம் கோடம்பாக்கத்துக்கு, இருபத்தொரு மாத எமர்ஜென்ஸியைத் தவிர, எந்த ராணுவச் சட்டம் குறுக்கே நின்றது?

*

உஷாவுக்குப் பிறகு பண்டரிபாய்க்கு என்ன நடந்தது என்று பார்ப்போம். தண்டனை என்று யாரும் அறிவிக்கவில்லை. அறிவிக்காமலே நிறைவேற்றப்பட்ட தண்டனை அது. பெயர்: அம்மா.

1965-இன் ‘எங்க வீட்டுப் பிள்ளை’யில் கொடுமைக்காரக் கணவனிடம் மாட்டிக்கொண்ட அக்கா. எம்.ஜி.ஆர். சவுக்கைச் சுழற்றும்வரை அழுதுகொண்டிருக்க வேண்டியவர். கணவனின் துரோகத்துக்கு எதிராகத் துப்பாக்கி எடுத்த கைக்குப் பதினொரு வருஷம் கழித்துக் கிடைத்தது முந்தானை நுனி. 1968-இன் ‘குடியிருந்த கோயி’லில் அதே எம்.ஜி.ஆருக்குத் தாய். எம்.ஜி.ஆர். 1917-இல் பிறந்தவர், இந்தத் தாய் அவரைவிடப் பத்து வயதுக்கு மேல் இளையவர். 1969-இன் ‘தெய்வ மக’னில் சிவாஜிக்கு மூன்று வேடம்: அப்பா, இரண்டு மகன்கள். பண்டரிபாய் ஒரு சிவாஜிக்கு மனைவி, இரண்டு சிவாஜிகளுக்குத் தாய். இருவரும் ஏறக்குறைய ஒரே வயதினர். சிவாஜி முதுமையையும் இளமையையும் ஒரே படத்தில் மாற்றி மாற்றிப் போட்டுக்கொள்ளலாம். பக்கத்தில் நிற்கிறவளுக்கு முதுமை மட்டும். 1973-இல் ‘கௌரவ’த்தில் பாரிஸ்டரின் மனைவி, பொறுமையின் சிலை. 1992-இல் ‘மன்ன’னில் ரஜினிகாந்தின் தாய், மகன் தூக்கிச் சுமந்து பாட்டுப் பாடுகிறார். பாட்டில்லாத படத்தின் நாயகியைத் தமிழ் ஜனங்கள் கடைசியாக ஞாபகம் வைத்திருப்பது ஒரு பாட்டில், அதுவும் அவர் பாடாத பாட்டில். 2003 ஜனவரியில் அவர் மறைந்தபோதும் எங்கும் ஒலித்தது ‘அம்மா’தான்.

அம்மா வேஷம் இழிவானதா என்று கேட்பார்கள். இல்லை. அதற்கு ‘இன்சியாங்’கே பதில் வைத்திருக்கிறது. தோன்யாவாக நடித்த மோனா லிசா சாதாரணத் துணை நடிகை இல்லை. 1939-இன் ‘கிலிவ் கோ’ காலத்திலிருந்து பிலிப்பைன்ஸ் திரையில் மின்னியவர். அவரும் வயதாகித் தாய் வேஷத்துக்கு வந்தவர்தான். ஆனால் பிரோக்கா அந்தத் தாய்க்கு ஒரு உடம்பைக் கொடுத்தார். பசி, காமம், மகளின் இளமைமேல் வெறுப்பு, இளைய ஆணிடம் கெஞ்சும் அவமானம், கடைசியில் ஒரு கத்தி. ஐம்பதைத் தாண்டிய நடிகையின் உச்சமான பாத்திரங்களில் ஒன்று அது. நம் அம்மாக்களுக்கு நாம் கொடுத்தது இருமல், வெள்ளைச் சேலை, தையல் மெஷின், மகன் வெற்றி பெறும்போது நெற்றியில் இட ஒரு விரல் திருநீறு. தாய்மையைப் போற்றுகிறோம் என்று மார்தட்டிக்கொள்கிறவர்கள் செய்திருப்பது, ஒரு பெண்ணிடமிருந்து சகல ஆசைகளையும் உருவிவிட்டு மிச்சத்துக்குச் சாம்பிராணி போடுவது.

இன்னொரு ஒப்பீடு. கணவன் சாவது ‘அந்த நாள்’. மனைவி சாவது 1964-இன் ‘புதிய பறவை’. சௌகார் ஜானகியின் சித்ரா குடிப்பவள், இரவில் சுற்றுபவள், கணவனை எதிர்த்துப் பேசுபவள். ஒரு அறையில் செத்து விழுகிறாள். கணவன் பிணத்தை ரயில் பாதையில் கிடத்தித் தற்கொலையாக்குகிறான். படம் முழுக்க நம் கண்ணீரை யாருக்காகக் கேட்கிறது? கொன்றவனுக்காக. உண்மையை வெளிக்கொண்டுவந்த போலீஸ்காரி சரோஜாதேவியும் கடைசியில் அவனையே நேசிக்கிறாள். படம் ஓடியது, பாட்டுகள் இன்றும் ஓடுகின்றன. ‘அந்த நாள்’ வியாபாரத்தில் விழுந்தது. தேசிய விருதில் கிடைத்த நற்சான்றிதழ் சுவரில் தொங்கியது. ‘பாட்டு இல்லை, அதனால் விழுந்தது’ என்கிறார்கள். பாதி உண்மை. மனைவியைக் கொன்றவனோடு சேர்ந்து அழக் கொட்டகையில் இடம் இருந்தது. கணவன் சாவுக்குக் காரணமான பெண்ணோடு சேர்ந்து உட்கார இடம் இல்லை. பாட்டு ஒரு சாக்கு.

*

எதிர்ப்புகள் தெரிந்தவைதான்.

‘நம் ஜனங்கள் ஏற்கமாட்டார்கள்.’ எந்த ஜனங்கள்? மதுரையை எரித்தவளைத் தெய்வமாக்கிக் கோயில் கட்டிய ஜனங்களா? தலை அறுத்த காளியிடம் குழந்தையைக் கொண்டுபோய்ப் போடும் ஜனங்களா? கோபக்காரப் பெண்ணைச் சகிக்கும் திராணி ஜனங்களுக்கு ஆயிரம் வருஷமாக இருக்கிறது. இல்லாதது படித்தவர்களுக்கு. ஒன்று மட்டும் உண்மை: நாம் அவளை எரித்து முடித்த பிறகே கும்பிடுகிறோம். தெய்வமாகிவிட்டால் பக்கத்து வீட்டில் குடியிருக்கமாட்டாள் அல்லவா? உஷா பக்கத்து வீட்டில் குடியிருக்கிறாள். அதுதான் சங்கடம்.

‘சேரியைக் காட்டி வெள்ளைக்காரன் விழாவில் விருது வாங்குகிற வித்தை இது.’ எங்கள் மாடியறையிலும் ஒருவர் சொன்னார். சேரியைப் படம் எடுத்தவன் எல்லாம் கலைஞன் என்று நானும் சொல்லவில்லை. வறுமையை விற்கும் படத்தை ஒரு அடையாளத்தால் கண்டுகொள்ளலாம்: அதில் ஏழைகள் நல்லவர்களாகவே இருப்பார்கள். நமது இரக்கம் வீணாகக் கூடாதே! பிரோக்காவின் சேரியில் இரக்கத்தைப் போட இடம் தேடித்தான் அலைய வேண்டும். பாதிக்கப்பட்டவளே பாதிக்கிறவளாகிறாள். அவளை அணைத்துக்கொள்ளவும் முடியாது, உதறிவிடவும் முடியாது. இந்த முடியாமைதான் அந்தக் கலையின் உள்ளம். 1946-இல் பிரெஞ்சுக்காரர்கள் ஒருவகை அமெரிக்கக் குற்றப்படங்களுக்கு ‘நுவார்’, கறுப்பு, என்று பெயர் வைத்தபோது குறிப்பிட்டது விளக்கின் போதாமையை மட்டும் இல்லை. நியாயம் எந்தப் பக்கம் என்று தெரியாத மனசின் இருட்டையும் சேர்த்துத்தான். நம்மவர்கள் விளக்கை மட்டும் அணைக்கக் கற்றுக்கொண்டார்கள்.

‘இப்போது காலம் மாறிவிட்டது’ என்பது மூன்றாவது. உதாரணம் 2011-இன் ‘ஆரண்ய காண்டம்’. ஒத்துக்கொள்கிறேன். தியாகராஜன் குமாரராஜாவின் அந்தப் படத்தில் தாதாவின் வைப்பாட்டி சுப்பு, அடி வாங்கியே வாழ்ந்தவள், கடைசியில் தான் நம்பியவனாக நாம் நம்பியவனையும் சுட்டுவிட்டுப் பணத்தோடு போகிறாள். தேசம் இல்லை, தெய்வம் இல்லை, பிள்ளை இல்லை, தனக்காக. யாஸ்மின் பொன்னப்பா அந்த மௌனமான முகத்தை வைத்துக்கொண்டு படம் முழுக்க நம்மை ஏமாற்றியது, உஷாவின் மௌனத்துக்கு வந்த வாரிசு. இடையில் ஐம்பத்தேழு வருஷம். தணிக்கைக் குழு அந்தப் படத்தில் ஐம்பத்திரண்டு வெட்டுகள் கேட்டது. தீர்ப்பாயம்வரை போய் மீட்க வேண்டியிருந்தது. படம் வெளிவந்த பின் நம் விமர்சகர்கள் எதைப் பற்றி எழுதினார்கள்? இயக்குநரின் ஞானம், வசனத்தின் கெட்ட வார்த்தைகள், பின்னணி இசை, டாரன்டினோவின் பாதிப்பு. பழைய மூன்று வாக்கியங்களே புதுச் சட்டை போட்டுக்கொண்டு வந்தன. சுப்பு மறுபடியும் கதையில் வரும் ‘திருப்பம்’ மட்டுமே ஆனாள்.

*

திருத்தணி என்ற பெயருக்கு இந்த ஊரில் சொல்லும் காரணம் எல்லோருக்கும் தெரிந்ததே. சூரனோடும் வேடரோடும் பொருத செருவின் சினம் தணிந்து முருகன் வந்து அமர்ந்த இடம், செருத்தணி, தணிகை. அழகான கற்பனை. கோபம் வந்தால் தணியவும் ஒரு இடம் வேண்டும் என்று எண்ணிய மனம் பெரிய மனம்தான். முன்னூற்றறுபத்தைந்து படிகள், ஆண்டின் ஒவ்வொரு நாளுக்கும் ஒன்று, ஏறி முடிப்பதற்குள் யாருக்கும் கொஞ்சம் தணிந்துவிடும். ஆனால் அதே கதையில் வள்ளியும் இருக்கிறாள். தன் தகப்பனும் உடன்பிறந்தாரும் தன் கண்ணெதிரே மாண்டு விழுந்து, பிறகு உயிர்பெற்று எழுந்ததைப் பார்த்தவள். அந்தச் சில கணங்களில் அவளுக்குள் என்ன எழுந்தது, அது எங்கே போய்த் தணிந்தது? தணிந்ததா? கேட்க யாருக்கும் தோன்றியதில்லை. கல்யாணம் நடந்துவிட்டது, கல்யாணம் ஆனால் சரியாகிவிடும்.

தணிகைக்கும் தணிக்கைக்கும் நடுவே ஒரு மெய்யெழுத்துத்தான் வித்தியாசம். ஆணின் சினத்துக்குத் தணிகை கட்டினோம். பெண்ணின் சினத்துக்குத் தணிக்கை வைத்தோம். தணிக்கை என்றதும் கத்தரிக்கோலோடு உட்கார்ந்திருக்கும் அரசாங்கத்தைத்தான் நினைக்கிறோம். அந்தக் கத்தரியை எதிர்த்து வழக்குப் போடலாம், 2021 வரை தீர்ப்பாயத்தில் வாதாடவும் முடிந்தது, வெட்டிய இடம் எது என்றாவது தெரியும். கொட்டகையின் கத்தரி இரண்டாவது. அது வசூலைக் காட்டி வெட்டுகிறது. மூன்றாவது கத்தரி நம் கையில் இருக்கிறது, நம்மைப் போன்ற சிறு பத்திரிகைக்காரர்களின் கையில். அது பிலிமைத் தொடுவதில்லை. படத்தை முழுசாக ஓடவிட்டு, பார்த்தவன் மனசிலிருந்து ஒரு பெண்ணை மட்டும் சுத்தமாக வெட்டி எடுத்துவிடுகிறது. ‘பாட்டில்லாத படம்’ என்பது அப்படிப்பட்ட ஒரு வெட்டு. ‘பெற்ற தாயைக் கொலைகாரியாக்கியவள் எப்படிக் கதாநாயகி’ என்பது இன்னொன்று. நவீனத்துவம் பேசுகிறவர்களின் வாயிலிருந்தே இது வருகிறது என்பதுதான் வெட்கக்கேடு. கவிதையில் இருண்மை வேண்டும், கதையில் பிரக்ஞையின் சிதறல் வேண்டும், ஓவியத்தில் முகம் கோணலாக இருக்க வேண்டும். கதாநாயகி மட்டும் குத்துவிளக்காக இருக்க வேண்டும்!

செய்ய வேண்டியது பெரிய காரியம் ஒன்றுமில்லை. ‘அந்த நாள்’ இன்று கையிலிருக்கும் போனிலேயே கிடைக்கிறது. இரண்டு மணி நேரச் சொச்சம். சிவாஜியைப் பார்க்காமல், பாட்டைத் தேடாமல், குரோசாவாவை ஞாபகப்படுத்திக்கொள்ளாமல், உஷா கேட்டுக்கொண்டிருக்கும் இடங்களை மட்டும் பாருங்கள். அந்த இருபத்தைந்து வயது நடிகைக்கு அடுத்த முப்பது நாற்பது வருஷம் என்னவெல்லாம் எழுதிக் கொடுத்திருக்கலாம் என்று ஒருமுறை கணக்குப் போடுங்கள். நாம் எழுதிக் கொடுத்தது எது என்பதையும் எதிர்ப்பக்கத்தில் எழுதுங்கள். கழித்து வரும் மிச்சத்துக்கு நம் சினிமா விமர்சனம் கணக்குச் சொல்லட்டும்.